எந்த வருசத்துக் காசு? நிலமெடுப்பு, தேதி, தாமதம் குறித்துச் சில குறிப்புகள்

1993இல் என் அப்பத்தாவின் கைக்கு ஒரு காசோலை வந்தது. ஐயா செத்து நாலு வருசம் ஆகியிருந்தது. வாரிசுச் சான்று, அடையாளச் சான்று, வக்கீல் குமாஸ்தாவுக்கு இருமுறை பஸ் காசு எல்லாம் முடிந்த பிறகு வந்த காசோலை. அப்பத்தா அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு அப்பாவிடம் கேட்டது: “இது எந்த வருசத்துக் காசுப்பா?”

அப்பாவுக்குப் பதில் தெரியவில்லை. எனக்கும் அப்போது தெரியவில்லை. சட்டப் பிரதிகளையும் அந்தக் காகிதக் கட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படிக்க ஆரம்பித்தபோதுதான், கிழவி கேட்டது இந்தியாவின் நிலமெடுப்பு வரலாறு முழுவதையும் திறக்கக்கூடிய கேள்வி என்று புரிந்தது.

பாம்பனுக்கும் தங்கச்சிமடத்துக்கும் இடையில் ஒரு ஏக்கர் சொச்சம் தென்னந்தோப்பு. 1964 டிசம்பர் 22 இரவு தனுஷ்கோடியை அழித்த அதே புயலில் பழைய மரங்கள் விழுந்துவிட்டன. மறுவருசமே ஐயா கன்று வைத்தார். கிணறு தோண்டி, குடத்தில் தண்ணீர் சுமந்து, ஆட்டுக்கு வேலி போட்டு வளர்த்தார்கள். 1971இல் ஒரு பொதுக் காரியத்துக்கு நிலம் வேண்டும் என்று அறிவிக்கை. மறுவருசம் ‘அவசரம்’ என்று சொல்லி சுவாதீனம் எடுத்துக்கொண்டார்கள். மரக் கணக்கு எடுத்த மகஜரில் பெரும்பாலான மரங்களுக்கு நேராக ‘காய்ப்புக்கு வராதது’ என்று எழுதியிருக்கிறது. நெட்டைத் தென்னை ஏழாம் வருசம் பாளை விடும். அந்த ஏழாம் வருசத்தின் வாசலில் நின்றபோதுதான் எண்ணினார்கள். 1974இல் அவார்டு. 1982 மார்ச்சில் சப்-கோர்ட்டு தொகையைக் கூட்டிக் கொடுத்தது. அரசுத் தரப்பு அப்பீல். பிறகு 1993.

இப்படிப்பட்ட கதையைச் சொன்னவுடன் வழக்கமாக வருகிற பதில் ‘சிவப்பு நாடா’. அதிகாரி சரியில்லை, லஞ்சம், மெத்தனம். இவையெல்லாம் உண்டுதான். ஆனால் இந்த விளக்கம் தாமதத்தை ஒரு கோளாறாகப் பார்க்கிறது. யந்திரம் நல்ல யந்திரம், எங்கோ துருப்பிடித்துவிட்டது என்கிறது. எனக்கு அப்படித் தோன்றவில்லை. அரசுக்கு வேகம் தெரியாது என்று யாரும் சொல்ல முடியாது. அதே 1964 புயலில் உடைந்த பாம்பன் ரயில் பாலத்தை ஸ்ரீதரன் என்ற இளம் பொறியாளரின் பொறுப்பில் 46 நாளில் சரி செய்தார்கள். ஆகவே கேட்க வேண்டியது, எந்த விஷயத்தில் அரசு தன்னை வேகப்படுத்திக்கொள்கிறது, எந்த விஷயத்தில் மெதுவாக இருக்கத் தனக்குத் தானே சட்டம் எழுதிக்கொள்கிறது என்பதை.

எழுதிக்கொண்டது என்று நான் சொல்வது உருவகமாக இல்லை. 1894ஆம் ஆண்டின் முதலாவது சட்டத்தை, அதாவது நிலமெடுப்புச் சட்டத்தை, எடுத்துப் பாருங்கள். அதன் 34ஆம் பிரிவு, நிலத்தின் சுவாதீனம் எடுப்பதற்கு முன்போ எடுக்கும்போதோ பணம் தரப்படாவிட்டால், எடுத்த நாளிலிருந்து ஆண்டுக்கு நூற்றுக்கு ஆறு வட்டி சேர்த்துத் தர வேண்டும் என்கிறது. பார்வைக்கு உடைமையாளருக்கான பாதுகாப்பு. ஆனால் இந்தப் பிரிவு இருப்பதாலேயே பணம் தராமல் நிலத்தை எடுப்பது சட்ட மீறல் இல்லை என்றாகிவிடுகிறது. அதற்கு ஒரு விலை இருக்கிறது, அவ்வளவுதான். ஆண்டுக்கு ஆறு என்றால் எங்கள் பக்கக் கணக்கில் அரை ரூபா வட்டி. ஐயா கன்று வைக்க வாங்கிய கடன் ரெண்டு ரூபா வட்டி, ஆண்டுக்கு இருபத்திநாலு. அரை வட்டிக்குக் கடன் வாங்கும் பாக்கியம் ஊரில் யாருக்கும் கிடையாது, அரசுக்கு உண்டு. அதுவும் கடன் கொடுப்பவரின் சம்மதம் இல்லாமலே.

இதைப் பிரெஞ்சுப் பிரதியோடு ஒப்பிட்டால் வித்தியாசம் துலங்கும். 1789ஆம் ஆண்டின் மனித உரிமைப் பிரகடனத்தின் 17ஆவது பிரிவு, உடைமை புனிதமானது, பொதுத் தேவைக்காக அதை எடுக்க வேண்டுமென்றால் நியாயமான, முன்கூட்டிய இழப்பீடு தரப்பட வேண்டும் என்கிறது. 1804இன் சிவில் சட்டமும் 545ஆம் பிரிவில் அதே இரு சொற்களைத் திரும்பச் சொன்னது. ‘நியாயமான’ என்பது பற்றி ஆயிரம் வழக்காடலாம். ‘முன்கூட்டிய’ என்பதில் வழக்காட ஒன்றுமில்லை: முதலில் காசு, பிறகு நிலம். முதலாளிய வர்க்கம் தன் உடைமையைக் காக்க எழுதிய சாசனம் அது என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. அதே பிரெஞ்சுக்காரன் காலனிகளில் நிலத்தை எப்படி எடுத்தான் என்பது வேறு கதை. ஆனால் தன் நாட்டு உடைமையாளனிடம் பேசும்போது அரசு ‘முன்’ என்றது. காலனிய அரசு தன் குடியிடம் பேசும்போது ‘வட்டி’ என்றது. அந்த ‘முன்’ இந்தியச் சட்டத்துக்குள் வந்து சேர நூறு ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று. வந்த பிறகும் என்ன ஆயிற்று என்பதைப் பிறகு சொல்கிறேன்.

1894 சட்டத்தில் இன்னொரு விநோதம். விலை நிர்ணயிக்கும்போது எவற்றைக் கணக்கில் கொள்ளக்கூடாது என்று 24ஆம் பிரிவு பட்டியல் இடுகிறது. எடுப்பவரின் அவசரம் கணக்கில் வராது. நிலத்தை விட உடைமையாளருக்கு மனமில்லை என்பதும் கணக்கில் வராது. அதற்கு முந்திய 23ஆம் பிரிவோ, கட்டாயமாக எடுப்பதால் சந்தை விலைக்கு மேல் நூற்றுக்குப் பதினைந்து கொடு என்றது. இதற்குத் தமிழில் ‘ஆறுதல் தொகை’ என்று பெயர். மனமில்லாததைப் பார்க்காதே, ஆனால் அதற்கு ஆறுதல் சொல். சாவு வீட்டில் பேசுகிற மொழியை நில விவகாரத்துக்குள் கொண்டுவந்த மொழிபெயர்ப்பாளர் யாரோ, தெரிந்தோ தெரியாமலோ உண்மையைச் சொல்லிவிட்டார்.

இழப்பீட்டின் நடுநாயகம் தேதி. 4(1) அறிவிக்கை வெளியான நாளின் சந்தை விலைதான் விலை. அந்த நாளோடு உங்கள் நிலத்துக்கு வயது நின்றுவிடுகிறது. பக்கத்து நிலத்துக்கு விலை ஏறும், அரிசிக்கு ஏறும், வக்கீல் பீஸுக்கு ஏறும். உங்கள் நிலம் மட்டும் அந்தத் தேதியிலேயே உறைந்திருக்கும். அறிவிக்கைக்கும் அடுத்த கட்டமான 6ஆம் பிரிவு விளம்புகைக்கும் இடையில் எவ்வளவு காலம் போகலாம் என்று 1967 வரை வரம்பே கிடையாது. ஒரு முறை அறிவித்துவிட்டு, வேண்டும்போது வேண்டிய அளவு துண்டு துண்டாக எடுத்துக்கொள்வது வழக்கமாக இருந்தது. 1966இல் உச்சநீதிமன்றம் விஷ்ணு பிரசாத் சர்மா வழக்கில் இது செல்லாது என்றதும், அரசு 1967இல் சட்டத்தைத் திருத்திப் பழையவற்றை எல்லாம் செல்லுபடியாக்கிக்கொண்டு, இனிமேல் மூன்று ஆண்டு என்றது. 1984இல்தான் அது ஓராண்டு ஆனது; விளம்புகையிலிருந்து இரண்டு ஆண்டுக்குள் அவார்டு என்பதும் அப்போதுதான் வந்தது.

தேதியைப் பிடித்து உறைய வைப்பதில் சுதந்திர இந்தியா காலனிய அரசைவிட முன்னே போகவும் முயன்றிருக்கிறது. மேற்கு வங்கம் 1948இல் கொண்டுவந்த ஒரு சட்டத்தில், நிலத்தை எந்த ஆண்டு எடுத்தாலும் விலை 1946 டிசம்பர் 31 அன்று இருந்ததற்கு மேல் போகக்கூடாது என்று எழுதியிருந்தார்கள். பேலா பானர்ஜி வழக்கில் 1953 டிசம்பரில் உச்சநீதிமன்றம் அந்த வரம்பை ரத்து செய்தது. பதிலாக 1955இல் நாலாவது அரசியல் சட்டத் திருத்தம் வந்தது: இழப்பீடு போதுமா போதாதா என்று கோர்ட்டு கேட்கக்கூடாது. நம் சென்னை மாகாணமும் சும்மா இருக்கவில்லை. 1961இல் வீட்டுவசதித் திட்டங்களுக்கென்று நிலமெடுப்புச் சட்டத்தைத் திருத்தியது. அறிவிக்கை நாளின் விலை, அதற்கு முந்திய ஐந்தாண்டுச் சராசரி, இரண்டில் எது குறைவோ அது. ஆறுதலும் பதினைந்திலிருந்து ஐந்தாகக் குறைந்தது. வஜ்ரவேலு முதலியார் வழக்கில் 1964 அக்டோபரில் உச்சநீதிமன்றம் இதைச் சமத்துவ உரிமைக்கு விரோதம் என்று தள்ளியது. ஆஸ்பத்திரிக்கு எடுத்தால் ஒரு விலை, வீட்டுமனைக்கு எடுத்தால் வேறு விலையா என்பது அதன் கேள்வி. அடிப்படை உரிமைப் பட்டியலில் இருந்த சொத்துரிமையையே 44ஆவது திருத்தம் 1979 ஜூனிலிருந்து எடுத்துவிட்டது என்பதையும் இங்கே சேர்த்துக்கொள்ள வேண்டும்.

தோழர்கள் சிலர் இந்த இடத்தில் குறுக்கிடுவார்கள். உடைமையாளனுக்காக இவ்வளவு கண்ணீரா, ஜமீன்தாரையும் மிராசுதாரையும் பாதுகாக்கத்தானே கோர்ட்டுகள் இழப்பீடு பற்றிப் பேசின என்பார்கள். பேசின, மறுக்கவில்லை. அதனாலேயே நம் கடற்கரையிலேயே நடந்த வேறொரு கையகப்படுத்தலைப் பார்க்க வேண்டும்.

இராமநாதபுரம் ஜமீன். 1803இல் மங்களேஸ்வரி நாச்சியாருக்குக் கம்பெனி சன்னது கொடுத்து நிரந்தர ஜமீன் ஆக்கிய சேதுபதிகளின் சீமை. 1948ஆம் ஆண்டின் 26ஆவது சென்னைச் சட்டம், எஸ்டேட் ஒழிப்புச் சட்டம், 1949இல் இந்தச் சீமைக்கு அமலாயிற்று. அதன் 3ஆம் பிரிவில் அரசுக்கு மாறுகிறவற்றின் பட்டியல் நீளமானது: பொது நிலங்கள், புறம்போக்கு, தரிசு, மேய்ச்சல், காடு, ஆறு, ஏரி, மீன்பிடிப்பு, படகுத்துறை. இழப்பீடு கணக்கிட அடிப்படை ஆண்டுத் தொகை என்று ஒன்றை வைத்தார்கள். சிறிய எஸ்டேட்டுக்கு அதில் முப்பது மடங்கு, ஆண்டுத் தொகை ஒரு லட்சத்துக்கு மேல் போனால் பன்னிரண்டரை மடங்கு. பெரியவனுக்கு விகிதம் குறைவு. அந்த அளவில் நல்ல சட்டம்.

ஆனால் தாமதம் பற்றி இச்சட்டம் என்ன சொல்கிறது என்று பாருங்கள். எஸ்டேட்டை அளந்து, செட்டில்மெண்ட் முடித்து, இறுதித் தொகை கண்டுபிடிக்கப் பல ஆண்டு ஆகும் என்பது அரசுக்கு முன்பே தெரிந்திருந்தது. ஆகவே 50ஆம் பிரிவில், இறுதித் தொகை தீர்மானமாகிச் செலுத்தப்படும்வரை ஒவ்வொரு பசலிக்கும் ஜமீன்தாருக்கு இடைக்காலத் தொகை தர வேண்டும் என்று எழுதினார்கள். பிறகு 54-அ பிரிவைச் சேர்த்து, தோராயமாக மதிப்பிட்டதில் பாதியை ஆறு மாதத்துக்குள் முன்பணமாகக் கட்டச் சொன்னார்கள். காத்திருக்கும் காலத்தில் ஒரு மனிதன் சாப்பிட வேண்டும், அவனுக்கு ஒரு குடும்பம், அந்தஸ்து இருக்கிறது என்பது இந்தச் சட்டத்துக்குத் தெரிந்திருந்தது! சீமையின் கடைசிச் சேதுபதியான சண்முக ராஜேஸ்வரர் 1952இல் ராஜாஜி அமைச்சரவையில் அமைச்சராகவும் இருந்தார். எஸ்டேட் போனாலும் காத்திருக்க வசதியான நாற்காலி இருந்தது.

அதே காலத்தில் அதே மாகாணத்தில் ஒரு ஏக்கர் தோப்பை இழந்தவருக்கு 1894 சட்டம்தான். இடைக்காலத் தொகை இல்லை, முன்பணம் இல்லை. அவசரக் கூறில் எடுத்தால் மதிப்பீட்டில் நூற்றுக்கு எண்பதை முதலில் கொடு என்ற விதி 1984இல்தான் வந்தது. ஆக, தாமதத்தை ஈடுகட்டுவது எப்படி என்று அரசுக்குத் தெரியாமல் இல்லை. யாருடைய காத்திருப்பைக் காத்திருப்பாக மதிப்பது என்பதில்தான் விஷயம். உடைமையாளர் என்ற ஒரே சட்டச் சொல்லுக்குள் இரண்டு வகை மனிதர்கள் இருக்கிறார்கள். ஒருவருடைய நேரத்துக்கு விலை உண்டு.

மூன்றாவது வகையும் உண்டு, சொல்லுக்கு வெளியே. எஸ்டேட்டின் பட்டியலில் இருந்த மீன்பிடிப்பு போன்றவற்றிலிருந்து ஜமீனுக்கு வந்த வருமானத்தில் ஒரு பங்கு இழப்பீட்டுக் கணக்கில் சேர்ந்தது. அந்த மீனைப் பிடித்தவர்களுக்கு எதுவும் சேரவில்லை; அவர்களிடமிருந்து எதுவும் எடுக்கப்படவில்லை என்பது சட்டத்தின் வாசிப்பு. புயலுக்குப் பிறகு தனுஷ்கோடி குடியிருக்கத் தகுதியற்றது என்று அறிவிக்கப்பட்டது. அங்கேயே கூரை போட்டுத் தங்கிவிட்ட மீனவர்கள் பட்டா இல்லாதவர்கள். 1986இல் மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளைக் கடல் தேசியப் பூங்கா ஆக்க அறிவிக்கை வந்தபோது, தீவோரம் பாசி எடுத்து வந்த பெண்கள் மெல்ல அத்துமீறுபவர்கள் ஆனார்கள். இவர்களுக்குத் தாமதமான இழப்பீடு என்பதே எட்டாத சலுகை. தாமதிக்கப்பட வேண்டுமானால் முதலில் உங்கள் பெயர் சிட்டாவில் இருக்க வேண்டும்.

இன்னொரு பக்கத்தையும் மறைக்கக்கூடாது. தாமதம் எப்போதும் அரசின் கையில் மட்டும் இருப்பதில்லை. தலித்துகளுக்கு வீட்டுமனை தரத் தமிழ்நாடு 1978இல் தனிச் சட்டம் கொண்டுவந்தது. இதன் கீழ் எடுத்த நிலங்களில் நிலவுடைமைச் சாதிகள் தடையாணை வாங்குவதை ஒரு கலையாகவே வளர்த்தார்கள். பட்டா கையில், நிலம் கோர்ட்டில் என்று காத்திருந்த சேரிகள் எத்தனையோ. அச்சட்டத்தில் இழப்பீட்டைத் தவணையில் தரலாம் என்றிருந்ததை உச்சநீதிமன்றம் 1994இல் ஆனந்தி அம்மாள் வழக்கில் செல்லாது என்றது. தவணை அநியாயம்தான். ஆனால் தலித் மனைக்கு எடுத்தபோது மட்டும் உடைமையாளர் சார்பில் எழுந்த அறச்சீற்றம், தொழிற்பேட்டைக்கு எடுத்தபோது ஏன் அவ்வளவு கேட்கவில்லை என்று நான் யோசிப்பதுண்டு.

ஐயாவின் கட்டுக்குத் திரும்புகிறேன். 1984 செப்டம்பர் 24 முதல் ஆறுதல் தொகை பதினைந்திலிருந்து முப்பது ஆனது. மசோதா நாடாளுமன்றத்தில் வைக்கப்பட்ட 1982 ஏப்ரல் 30க்குப் பிறகு கலெக்டரோ கோர்ட்டோ கொடுத்த அவார்டுகளுக்கும் இது உண்டு. எங்கள் சப்-கோர்ட்டுத் தீர்ப்பு 1982 மார்ச் கடைசி. ஒரு மாதம் முந்திவிட்டது. எட்டு வருசம் இழுத்த வழக்கு, இன்னும் ஒரு மாதம் இழுத்திருந்தால் ஆறுதல் இரட்டிப்பாகியிருக்கும். அப்பீல் நிலுவையில் இருந்தாலும் முப்பது உண்டு என்று 1985இல் ஒரு தீர்ப்பு வந்தது. வக்கீல் ஐயாவுக்கு ஆள் அனுப்பினார். 1989இல் ரகுபீர் சிங் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அது சரியில்லை என்று விட்டார்கள். முதல் கோர்ட்டின் தேதிதான் கணக்கு. அந்த வருசம்தான் ஐயா செத்தார். இரண்டுக்கும் முடிச்சுப் போட எனக்கு விருப்பமில்லை. எழுபத்தெட்டு வயது.

கூட்டிய தொகையையும் அரசு தரவில்லை என்றால் அடுத்த வழி ஜப்தி. தமிழ்நாட்டு மாவட்டத் தலைநகரங்களில் அவ்வப்போது அரங்கேறும் காட்சி இது. அமீனா கலெக்டர் ஆபீஸுக்கு வந்து ஜீப்பிலும் நாற்காலியிலும் மேசையிலும் நோட்டீஸ் ஒட்டுவார். மறுநாள் பத்திரிகையில் படம் வரும். அதிகாரிகள் அவகாசம் கேட்பார்கள். அதிகாரத்தின் நாற்காலியை ஒரு குடியானவர் ஏலம் போடக் கேட்கிற தலைகீழ்க் கணம் என்று கொண்டாடத் தோன்றும். கொண்டாடலாம், அரைமணி நேரம். அங்கே நிற்பவரின் நிலம் பல ஆண்டுக்கு முன்பே ரோடாகவோ குடியிருப்பாகவோ மாறியிருக்கும். ஜீப்பு அன்று சாயங்காலமே கேம்ப் போய்விடும்.

‘முன்’ என்ற சொல் 2013ஆம் ஆண்டின் புதிய நிலமெடுப்புச் சட்டத்தில் வந்தது. 38ஆம் பிரிவின்படி முழு இழப்பீட்டையும் கொடுத்ததை உறுதிசெய்த பிறகே கலெக்டர் சுவாதீனம் எடுக்க வேண்டும். ஆறுதல் நூற்றுக்கு நூறு. பழைய சட்டத்தின் கீழ் ஐந்தாண்டுக்கு முன்பே அவார்டு ஆகி, சுவாதீனம் எடுக்காமலோ அல்லது பணம் தராமலோ இருந்தால், எடுப்பே காலாவதி என்றது 24(2) பிரிவு. அந்த ‘அல்லது’வை நம்பி நாடு முழுக்க ஆயிரக்கணக்கானோர் கோர்ட்டுக்குப் போனார்கள். 2014இல் உச்சநீதிமன்றமும் இரண்டில் ஒன்று தவறினால் போதும் என்றது. 2020 மார்ச் 6 அன்று இந்தூர் வளர்ச்சி ஆணைய வழக்கில் ஐந்து நீதிபதிகள் அந்த ‘அல்லது’வை ‘மற்றும்’ என்பதுபோல வாசிக்க வேண்டும் என்றார்கள். இரண்டுமே நடக்காமல் இருந்தால்தான் காலாவதி. பிரதிக்கு ஒற்றை அர்த்தம் கிடையாது என்று நாம் சிறுபத்திரிகைகளில் வருசக்கணக்காகச் சண்டை போட்டோம். அர்த்தத்தை மாற்றுகிற அதிகாரம் எங்கே இருக்கிறது என்பதை ஒரே இணைப்புச் சொல் காட்டிவிட்டது.

தமிழ்நாடு இதற்குள்ளும் ஒரு வாசல் வெட்டியது. 1978இன் தலித் நலச் சட்டம், 1997இன் தொழில் நிலச் சட்டம், 2001இன் நெடுஞ்சாலைச் சட்டம் மூன்றுக்கும் 2013 சட்டம் பொருந்தாது என்று 105-அ பிரிவைச் சேர்த்தது. 2019 ஜூலையில் சென்னை உயர்நீதிமன்றம் அந்த மூன்றும் செல்லாது என்றதும், அதே ஆண்டு சட்டமன்றத்தில் ஒரு புதுப்பித்தல் சட்டம், 2013 செப்டம்பர் முதல் பின்தேதியிட்டு. 2021 ஜூனில் உச்சநீதிமன்றம் அது சரி என்றது. ஐயாவால் ஒரு மாதம் நகர்த்த முடியாத தேதியை அரசு ஆறு வருசம் பின்னால் நகர்த்திக்கொண்டது.

இராமேஸ்வரம் போகிற நெடுஞ்சாலை மத்திய அரசுடையது. அங்கே 1956ஆம் ஆண்டின் தேசிய நெடுஞ்சாலைச் சட்டம். 1997 திருத்தத்தில் வந்த அதன் 3-ஜே பிரிவு நிலமெடுப்புச் சட்டமே இதற்குப் பொருந்தாது என்றதால், ரோட்டுக்கு நிலம் கொடுத்தவர்களுக்கு ஆறுதல் தொகையே கிடைக்கவில்லை. 2019 செப்டம்பரில் தர்செம் சிங் வழக்கில் இது செல்லாது என்றானது. வஜ்ரவேலு வழக்கின் அதே கேள்வி, ஐம்பத்தைந்து வருசம் கழித்து. இந்தத் தீர்ப்பு இனிமேல் எடுப்பதற்கு மட்டும் என்று சொல்லுங்கள் என நெடுஞ்சாலை ஆணையம் கேட்டதை 2025 பிப்ரவரியில் உச்சநீதிமன்றம் ஏற்கவில்லை.

2025 ஜூலை 1 அன்று பரமக்குடி – இராமநாதபுரம் சாலையை 46.7 கிலோமீட்டருக்கு நான்கு வழியாக்க மத்திய அமைச்சரவை ஒப்புதல் தந்தது. மதிப்பீடு 1,853 கோடி ரூபாய். அந்த வாரம் அந்தப் பக்கத்துச் சொந்தக்காரர் ஒருவர், எனக்குச் சித்தப்பா முறை, போன் செய்தார். ஐயாவின் ரசீதில் ‘ஆட்சேபத்துடன் பெற்றுக்கொண்டேன்’ என்று எழுதியிருந்ததை நான் எப்போதோ அவரிடம் சொல்லியிருக்கிறேன். அந்த இரண்டு சொல் இல்லாமல் கையெழுத்துப் போட்டால் 1894 சட்டத்தில் கோர்ட்டுக்குப் போகும் உரிமையே போய்விடும். ஐயா அதை ஒரு நோட்டில் எழுதிப் பழகியிருந்தார்.

“நம்மளும் அப்படி எழுதிக் குடுக்கணுமாப்பா?”

ரோட்டுச் சட்டத்தில் அது வேற மாதிரி சித்தப்பா, தொகை பத்தாதுன்னா முதல்ல ஆர்பிட்ரேட்டர்கிட்டதான் போகணும் என்றேன்.

“அது யாரு?”

“பெரும்பாலும் கலெக்டரத்தான் போடுவாங்க.”

கொஞ்ச நேரம் சத்தமில்லை. “நிலத்த எடுக்குற ஆபீஸும் அந்தக் காம்பவுண்டுக்குள்ளதானப்பா இருக்கு?” என்றார்.